அவசர உதவி: மந்திரச் சுவடி பிரிக்கும்போதே பொடியாகிவிடுமா?

பாதிக்கதை:
வணக்கம். தொடர்கதையில் 14ஆம் அத்தியாயத்தில் மாட்டிக்கொண்டு நிற்கிறேன். நாயகி மந்திரச் சுவடியைக் கண்டெடுக்கிறாள், கட்டைப் பிரிக்கிறாள், முதல் ஏட்டை வாசிக்கிறாள், அரக்கன் சாய்கிறான். படித்துப் பார்த்த அக்கா, “அவ்வளவு பழைய ஓலை தொட்டதுமே பொடியாகிவிடுமே” என்று ஒரே வரியில் முடித்துவிட்டாள். அவள் சொல்வது சரியா? நாளை காலை போட்டாக வேண்டும்.

பனங்காடு:
எவ்வளவு பழையது? எங்கே கிடந்தது? பனையா, தாளிப்பனையா? ஒன்றுமே சொல்லாமல் கேட்டால் எப்படி? நம் ஊர்ச் சூட்டுக்கும் ஈரத்துக்கும் ஓலை 300, 400 வருடம் தாங்கினாலே பெரிய விஷயம். நடுவில் இராமபாணப் பூச்சி வேறு. அதனால்தான் நைந்துபோன ஏட்டைப் பார்த்துப் புது ஓலையில் படியெடுத்துக்கொண்டே இருந்தார்கள். சங்கப் பாட்டு நமக்கு வந்து சேர்ந்ததும் அப்படித்தான்.

எறும்பு:
மந்திரக் காப்பு போட்ட ஓலை என்று எழுதிவிடுங்கள். வேலை முடிந்தது.

பாதிக்கதை:
3000 வருடம். காப்பு எல்லாம் முடியாது, மந்திரமே செத்துப்போன உலகம் என்று 6ஆம் அத்தியாயத்திலேயே சொல்லிவிட்டேன். இந்தச் சுவடி வழியாகத்தான் அது திரும்பி வருகிறது.

செப்பேட்டுப்பித்தன்:
ஓலையை விடுங்கள் தம்பி. செப்பேடு! பூச்சி அரிக்காது, நைந்துபோகாது. திருவாலங்காட்டுச் செப்பேட்டில் 31 ஏடுகள், வளையத்தில் கோத்து ராஜேந்திர சோழன் முத்திரையோடு இன்றும் இருக்கிறது.

பனங்காடு:
பித்தன் அண்ணாவுக்கு எந்த இழைக்கு வந்தாலும் செப்பேடுதான். நெதர்லாந்தின் லெய்டனுக்குக் கொண்டுபோன ஆனைமங்கலச் செப்பேடு 21 ஏடு, கிட்டத்தட்ட 30 கிலோ. நாயகி அதை இடுப்பில் செருகிக்கொண்டு அரக்கனிடமிருந்து ஓடுவாளா?

திண்ணைவாசி:
இதே கேள்வி இங்கே பலமுறை வந்து, பலமுறை பதிலும் சொல்லியாயிற்று. தேடிப் பார்க்கும் வழக்கம் புதியவர்களுக்கு இல்லை. போகட்டும். 400 வருடக் கணக்கு நம் ஊருக்குத்தான். சீனாவின் சிஞ்சியாங்கில், கிசில் குகைகளில் கிடைத்த வடமொழி ஓலைகள் 1700 வருடத்துக்கும் மேற்பட்டவை. பாலைவன வறட்சி காப்பாற்றியது. ஆனால் கிடைத்தவை துண்டு துண்டாக. உட்கார்ந்து வாசிக்கிற மாதிரி இல்லை.

மலைக்காற்று:
ஒரு நிமிடம். 9ஆம் அத்தியாயத்தில் ஆறு மாதம் பனி கொட்டுகிறதே, அங்கே பனைமரம் எங்கிருந்து வந்தது? குளிர்மலைகளில் வளரும் பூர்ஜ மரத்தின் பட்டையை வையுங்கள். இன்றைய பாகிஸ்தான், ஆப்கானிஸ்தான் பக்கத்துக் காந்தாரத்தின் பௌத்தச் சுருள்கள் அதில் எழுதியவைதான். மண்பானைக்குள் கிடந்தவை, சில 2000 வருடப் பழமை. அதையும் சும்மா பிரிக்கவில்லை. ஈரப்பதம் ஏற்றி, இடுக்கியால் கொஞ்சம் கொஞ்சமாக விரித்து, கண்ணாடிக்கு நடுவே வைத்தார்கள். நாயகிக்கு அவ்வளவு பொறுமை உண்டா?

பாதிக்கதை:
பனி வடக்கில். சுவடி இருப்பது தெற்கில், ஏரிக்கு அடியில். சொல்லவில்லையா?

பனங்காடு:
சொல்லவே இல்லை! ஏரிக்கு அடியில் என்றால் தண்ணீருக்குள்ளா, கீழே அறை ஏதும் இருக்கிறதா?

மேற்கோள்:
பொடியாவதை விடுங்கள், 3000 வருட எழுத்தை அவள் எப்படி வாசிக்கிறாள்? அந்த உலகத்து மொழி தமிழ் மாதிரி என்று வைத்துக்கொள்கிறேன். 200, 300 வருட ஓலையே பழகாத கண்ணுக்குப் பிடிபடாது. மெய்க்குப் புள்ளி இருக்காது, எ, ஏ இரண்டுக்கும் ஒரே வடிவம், ரகரமும் நெடிலுக்குப் போடும் காலும் (ா) ஒன்றுபோல் இருக்கும். ‘எரி’ என்று இருந்தால் அது ‘ஏரி’யாகவும் இருக்கலாம். மந்திரத்தில் இது சின்ன விஷயமா?

எறும்பு:
புள்ளியே வீரமாமுனிவர் வந்த பிறகுதானே?

திண்ணைவாசி:
தவறு. தொல்காப்பியத்திலேயே மெய்க்குப் புள்ளி உண்டு, எகர ஒகரக் குறிலுக்கும் உண்டு. எழுதியவர்கள் விட்டுவிட்டார்கள். முனிவர் செய்தது நெடிலுக்குத் தனி வடிவம் கொடுத்தது. அரைகுறையாகத் தெரிந்ததை எழுத வேண்டாம்.

எறும்பு:
தெரியாமல்தானே கேட்டேன், ஐயா.

மேற்கோள்:
ஓலையில் புள்ளி குத்தினால் கிழியும், அதனால் விட்டார்கள்.

செப்பேட்டுப்பித்தன்:
செம்பு கிழியுமா? கல் கிழியுமா? பெரும்பாலான செப்பேட்டிலும் கல்வெட்டிலும்கூடப் புள்ளி இல்லையே. ஓலைக்காரர்கள் இதற்குப் பதில் சொல்லட்டும்.

மேற்கோள்:
சாசனத்தை முதலில் ஓலையில் எழுதி, அதைப் பார்த்துத்தானே செம்பில் வெட்டினார்கள்? ஓலைப் பழக்கம் அங்கேயும் தொடர்ந்திருக்கலாம்.

செப்பேட்டுப்பித்தன்:
‘இருக்கலாம்’ பதில் ஆகாது.

மலைக்காற்று:
கேட்டவர் எங்கே? விடிந்தே விட்டது.

பாதிக்கதை:
போட்டுவிட்டேன், எல்லோருக்கும் நன்றி. சுவடி பழசு இல்லை, அதில் இருப்பதுதான் பழசு. தலைமுறை தலைமுறையாகப் படியெடுத்து வரும் ஒரு காவல் குடும்பத்தை உள்ளே கொண்டுவந்தேன். மந்திரத்தை நாயகி ‘எரி’ என்று வாசித்தாள். ஏரி பொங்கிவிட்டது. அரக்கனுக்கு நீச்சல் தெரியும், 15இல் பார்க்கலாம். அக்கா இன்னும் படிக்கவில்லை.

பனங்காடு:
நல்லது. ஆனால் அந்தக் குடும்பம் குடியிருப்பது எங்கே? ஏரிக்கு அடியிலா? ஓலைக்கு என்ன செய்கிறார்கள்?