நம்ம குடும்பம் குழு: பெரியம்மாவோட காந்தள் தொட்டி

பெரியம்மா (காலை 7:12): 📷
தம்பி, நீ குடுத்த காந்தள் கொடி மொத்தமா காஞ்சு போச்சுப்பா. கார்த்திகையில எட்டு பூ பூத்துச்சு, இன்னும் கண்ணுக்குள்ளயே நிக்குது. தெனம் தண்ணி ஊத்திக்கிட்டுதான் இருக்கேன். தொட்டிய காலி பண்ணிறவா?

மூலனூர் மாமா (7:20): அய்யோ, வேண்டாங்க்கா! மொதல்ல தண்ணிய நிறுத்துங்க. கொடி சாகலீங்க, தூங்குது. தை வந்தா இங்க நாங்க பயிர் பண்ணுற காட்டுலயும் எல்லாம் இப்படித்தான் காஞ்சு நிக்கும். கிழங்கு உள்ள உசுரோட இருக்கும். இப்ப ஈரம் நின்னுச்சுன்னா அழுகிப் போயிரும்.

அம்மா (7:24): அந்தப் பூவோட நெறத்த பாத்தியாக்கா? மொட்டுல பச்சை, விரியும்போது மஞ்சள், அப்புறம் நுனியில இருந்து செவப்பு ஏறி, கடைசியில முழுச் செவப்பு. ஒரே கொடியில எல்லா நெறமும் இருந்துச்சு. ஓரமெல்லாம் தீ நெளியுற மாதிரியே.

பெரியம்மா (7:26): ஆமாடி. இலை நுனி சுருண்டு ஜன்னல் கம்பிய பிடிச்சுக்கிச்சு பாரு, கொழந்த வெரல பிடிக்கிற மாதிரி. தம்பி, அப்ப கிழங்க தோண்டி எடுத்து வைக்கவா?

மூலனூர் மாமா (7:33): தோண்டாம விடுறதுதாங்க நல்லது. கலப்பை மாதிரி ரெண்டு கெளையா இருக்கும். ஒவ்வொரு கெளைக்கும் நுனியில ஒரே ஒரு முளைதான். அது ஒடஞ்சா அந்தக் கெளை முளைக்காது. மொத வருசம் களைக்கொத்து பட்டு எனக்கு பத்து கிழங்கு வீணாப் போச்சு, இன்னும் மனசு ஆறல.

சுதா அக்கா (7:41): மாமா, இது விஷம்னு சொல்றாங்களே? பாப்பா இப்பதான் தவழுறான்.

மூலனூர் மாமா (7:46): நெசந்தான் கண்ணு. கிழங்கு, விதை, இலை எல்லாமே விஷம். வள்ளிக்கிழங்குன்னு நெனச்சுத் தின்னு உசுர விட்டவங்க உண்டு. தெரியாம யாராவது வாயில வச்சுட்டா கைவைத்தியம் பாக்கவே கூடாது, நேரா ஆஸ்பத்திரி. அதுல இருக்குற கோல்சிசின்ங்கற விஷச்சத்துதான் கௌட் மூட்டுவலிக்கு மருந்து. அதுக்குத்தான் எங்ககிட்ட விதை வாங்குறாங்க. அளவு தப்புனா அதே ஆளைக் கொல்லும். தொட்டிய மாடிக்கு மாத்திருங்க. தொட்டா சோப்பு போட்டு கை கழுவுங்க.

பெரியம்மா (7:52): இன்னைக்கே மாத்திடுறேன். மறுபடி எப்ப தண்ணி?

மூலனூர் மாமா (7:58): ஆனி, ஆடியில முளை தானா மண்ண முட்டிக்கிட்டு வரும். அப்பத்தான் ஊத்தணும். தண்ணி தேங்கக் கூடாது, செம்மண்ணோட மணலும் மக்குன தொழுவுரமும் கலந்துக்குங்க. முளை ரொம்ப எளசா இருக்கும், கை பட்டாலே ஒடிஞ்சிரும். அதனால கொடி ஏறுறதுக்கான குச்சிய இப்பவே, கிழங்குல படாம தொட்டி ஓரத்துல நட்டு வச்சிருங்க. கறுப்பு ஒடம்புல செவப்பும் வெள்ளையுமா புள்ளி வச்ச புழு வரும். ஒரே ராத்திரியில இலைய மொட்டை அடிச்சிரும். குச்சியால தள்ளி எடுத்துருங்க.

பெரியம்மா (10:15): 📷
மாடிக்கு ஏத்தியாச்சு தம்பி. மழை படாத மூலை. யாரும் தண்ணி ஊத்தாம இருக்க தொட்டியில சுண்ணாம்பால "தூங்குது"ன்னு எழுதி வச்சிருக்கேன்.