ஷிகார்பூர் உண்டியல்: வாணிகோ எழுத்து தெரிந்தவர்கள் உதவுங்கள்

சிந்து மாகாணத்து ஷிகார்பூர் வணிகரின் பழைய உண்டியல் (பணம் கொடுக்கச் சொல்லி எழுதும் வணிகச் சீட்டு) ஒன்றைப் படிக்க வேண்டும். அதில் உள்ளது, 1853-இல் ஆங்கிலேயர் சிந்தி மொழிக்கு அரசு எழுத்தாக்கிய 52 எழுத்து அரபு வடிவம் அல்ல. இந்து வணிகர்கள் கணக்கெழுதிய வாணிகோ, இடமிருந்து வலம். உயிர்க்குறிகளை விட்டுவிடுவார்கள் என்பதால் ஒரே சொல்லைப் பலவிதமாகப் படிக்கலாம். ஆள்பெயரும் ஊர்ப்பெயரும்தான் பெரும்பாடு. 2014-இல் யூனிகோடில் சேர்ந்த குதாவாதி (இதே வகைச் சிந்தி எழுத்து) அட்டவணையோடு ஒப்பிட்டால் பாதி எழுத்து பொருந்தவில்லை. அது தரப்படுத்திய வடிவம். ஊருக்கு ஊர் கையெழுத்து வேறு.

தேதி விக்ரம சம்வத் (வட இந்திய ஆண்டுக்கணக்கு) 1938, வைசாக மாதம். ஆண்டு சைத்ரத்தில் தொடங்கினால் அது கி.பி. 1881, கார்த்திகையில் என்றால் 1882. ஷிகார்பூர் கடைகளில் எந்த வழக்கம்? வீட்டில் பழைய பஹி கணக்கேடு வைத்திருக்கும் சிந்தி நண்பர்கள் யாராவது இருந்தால், எண்களும் மாதப்பெயரும் உள்ள ஒரு பக்கப் படம் போதும். எழுத்துகளை அதிலிருந்து பொருத்திப் பார்த்துவிடலாம்.