கொருக்குப்பேட்டை பக்கம் ஒன்பதாம் வகுப்புக்கு எந்தப் பள்ளி?

நண்பர்களே, ஒரு விவரம் வேண்டும். அக்கா மகள் கொருக்குப்பேட்டையில் மாநகராட்சி நடுநிலைப் பள்ளியில் எட்டாம் வகுப்பு படிக்கிறாள். அங்கே எட்டோடு சரி. பக்கத்தில் உதவி பெறும் பள்ளி இருக்கிறது. ஆனால் ஆறு முதல் பன்னிரண்டு வரை அரசுப் பள்ளியில் படித்தால்தான் மருத்துவப் படிப்பில் 7.5 சதவீத உள் ஒதுக்கீடு (மாநகராட்சிப் பள்ளியும் அந்தக் கணக்கில் வரும்). பிள்ளைக்கு டாக்டர் ஆசை. அந்த வழியை ஏன் இப்போதே அடைக்க வேண்டும்?

தண்டையார்பேட்டை, வியாசர்பாடி, பெரம்பூர் பக்கம் எந்த அரசு, மாநகராட்சி மேல்நிலைப் பள்ளியில் பதினொன்றில் உயிரியல் பிரிவு இருக்கிறது? முக்கியமாக, பாடம் ஒழுங்காக நடக்கிறதா? பிரிவு இருக்கும், வேதியியலுக்கு ஆசிரியர் இருக்க மாட்டார் என்ற கதையெல்லாம் கேட்டாச்சு. ரயில்வே கேட்டைத் தாண்டாமல் போகிற மாதிரி இருந்தால் ரொம்ப நல்லது. கேட் மூடினால் முதல் பீரியட் போச்சு. அங்கே பிள்ளைகளைப் படிக்க வைத்தவர்கள் சொல்லுங்களேன்.