கூத்தாடினவர் கமராவுக்கு முன்னால: இரண்டு சீன் துணைப் பாத்திரத்துக்கு எப்படித் தயாராகிறது?

வந்தாறுமூலை மத்தளம்:

வணக்கம். வடமோடி எண்ட மட்டக்களப்பு நாட்டுக்கூத்தில நல்லாப் பழகின ஒருவருக்கு, 52 வயசு, கொழும்பில எடுக்கிற ரீவி நாடகம் ஒண்டில அப்பா பாத்திரம் வந்திருக்கு. ஒரு நாள் வேலை, இரண்டு சீன். ஒண்டில மகளோட கதைச்சுக்கொண்டே இரவுச் சாப்பாடு சாப்பிடவேணும். மற்றதில கதவைத் திறந்து உள்ள வந்து நிண்டு நாலு வசனம். கூத்தாடுற களரியில அவருக்குப் பயமில்ல, கமராதான் புதிசு. என்னத்தைப் பழகிக்கொண்டு போகவேணும்? இது ஒரு நாளோட நிக்காமத் துணை நடிகராத் தொடர என்ன வழி?

கல்லடிப் பாலம்:

தம்பி, இரண்டிலயும் கஷ்டமானது சாப்பாட்டு சீன்தான். வசனத்தால இல்ல, கையால.

முதல்ல முழு மேசையும் தெரிய ஒருக்கா எடுப்பாங்க. மறுகா மகளின்ட தோளுக்குப் பின்னால இருந்து இவரை, இவரின்ட தோளுக்குப் பின்னால இருந்து மகளை, கடைசியில இரண்டு பேரின்ட முகத்தையும் கிட்டவா. திருப்பி எடுக்கிறதையும் சேர்த்தா ஒரே சாப்பாட்டைப் பத்துப் பன்னிரண்டு தரம் சாப்பிடவேணும். முதல் தரமே பசியில அள்ளினா ஏழாவது தரம் வாய்க்குள்ள போகாது. கவளம் சின்னதா, கொட்டைப்பாக்களவு போதும்.

அதைவிட முக்கியம், எந்தச் சொல்லில கை வாய்க்குப் போகுது எண்டது. முழுக் காட்சியில "நாளைக்கு" எண்ட சொல்லில தண்ணிக் கோப்பையைத் தூக்கினவர், கிட்டவா எடுக்கக்குள்ள அதே சொல்லில சோறு பிசைஞ்சா இரண்டையும் ஒட்ட ஏலாது. எடிட்டர் என்ன செய்வார்? இவரை வெட்டிப்போட்டு மகளின்ட முகத்தை வைப்பார். துணை நடிகரின்ட நல்ல இடங்கள் காணாமப் போறதுக்குப் பாதிக் காரணம் இதுதான். ஆரும் சதி செய்யிறதில்ல. வசனத்தாளில பென்சிலால குறிச்சு வைக்கச் சொல்லுங்க: இந்தச் சொல்லில கவளம், மகள் பதில் சொல்லக்குள்ள மெல்லுறது, இந்தச் சொல்லுக்கு முதல் விழுங்கி முடிக்கிறது. நாலு அசைவு போதும். கூடினா நினைவில நிக்காது. கோப்பையில தண்ணி எந்த மட்டம், சேட்டில எத்தினை தெறி பூட்டியிருந்தது, திருநீறு எந்த அளவு எண்டதையெல்லாம் உதவி இயக்குநர் படம் எடுத்து வைப்பார். எண்டாலும் அவரை மட்டும் நம்பி இருக்க ஒண்ணா.

கதவு சீனுக்கு: நிலத்தில நிக்கிற இடத்துக்கு டேப் ஒட்டுவாங்க. குனிஞ்சு பார்த்துக்கொண்டு வந்தா கெட்டுது. அந்த இடத்தில இருந்து பின்பக்கமாக் கதவு வரைக்கும் நடந்து அடியை எண்ணினா, வரக்குள்ள அத்தினை அடியில கால் தானா நிக்கும். தாளம் பிடிச்ச காலுக்கு இது பெரிய வேலையில்ல.

சம்மாந்துறை வாப்பா:

மேல சொன்னது சரி. கூத்துக்காரருக்கு முதல்ல வாற பிரச்சினை ஆனாக் குரல்தான். களரியைச் சுத்தி இருக்கிற கடைசி ஆளுக்கும் கேக்கப் பாடின தொண்டை அது. இங்க மைக் நெஞ்சில ஒரு சாண் தூரத்தில இருக்கும். சவுண்ட் பார்க்கக்குள்ள "ஒண்டு, ரெண்டு" எண்டு மெதுவாச் சொல்லிப்போட்டு, எடுக்கக்குள்ள முழுக் குரலில கத்தினா ஒலி உடைஞ்சிரும். சீனில எது ஆகப் பெரிய சத்தமோ அந்த வசனத்தையே சவுண்ட் பார்க்கிறவருக்குச் சொல்லிக் காட்டவேணும். கஞ்சி போட்ட சேட் உடுத்தா ஒவ்வொரு அசைவுக்கும் சரசரக்கும். நெஞ்சில கையால தட்டுற பழக்கம் இருந்தா அண்டைக்கு விடச் சொல்லுங்க. நெருக்கமான கோடு போட்ட சேட் கமராவில அலையடிக்கும், தும்பை வெள்ளை பளீரெண்டு அடிக்கும். மங்கின நிறத்தில மூண்டு நாலு கொண்டுபோனா அவங்க தெரிவாங்க.

கண்: கிட்டவா எடுக்கக்குள்ள எதிரில இருக்கிறவரின்ட ஒரு கண்ணை மட்டும் பார்க்கவேணும், கமராவுக்குக் கிட்ட இருக்கிற கண்ணை. இரண்டையும் மாறி மாறிப் பார்த்தா கருமணி துடிக்கிற மாதிரித் தெரியும். கதிரையில இருந்து எழும்பிறதெண்டா முதல்ல பாரத்தைக் காலுக்குக் கொண்டுவந்து ஆறுதலா எழும்பவேணும். சட்டெண்டு எழும்பினா தலை கமராவின்ட சட்டத்துக்கு வெளிய போயிரும். மகளின்ட வசனம் முடிய அரைச் செக்கன் விட்டுத்தான் இவர் தொடங்கவேணும். குரலுக்கு மேல குரல் ஏறினா இரண்டுமே வீண்.

பேச்சையும் கேட்டுக்கொள்ளுங்க. அப்பா எந்த ஊர் ஆள்? யாழ்ப்பாணத்து அப்பா எண்டா "மறுகா" வராது. மட்டக்களப்பு ஆள் எண்டா "போறியள்" வராது. முஸ்லிம் பாத்திரத்துக்கு வாப்பா, உம்மா, ராத்தா எண்டு முறையே வேற. எழுதினவருக்கு வித்தியாசம் தெரியாமலும் இருக்கலாம். படப்பிடிப்புக்கு முந்தின நாளே கேட்டாத் திருத்துவாங்க. தளத்தில நிண்டு திருத்தினா இயக்குநருக்குக் கோவம்தான் வரும்.

வந்தாறுமூலை மத்தளம்:

பெரிய உதவி. அடுத்த வேலை எடுக்கிறதுக்கு வீடியோ அனுப்பச் சொல்றாங்களாம். அது எப்படி? காசுக் கதையும் எப்படிக் கதைக்கிறது?

திருக்கோவில் உப்புக்காத்து:

போனைப் படுக்கையா, கண் மட்டத்தில, நாலைஞ்சு அடி தூரத்தில வையுங்க. நெஞ்சுக்கு மேல தெரிஞ்சாக் காணும். வெறும் சுவர். ஜன்னல் முகத்துக்கு முன்னால இருக்கவேணும், முதுகுக்குப் பின்னால இருந்தா முகம் கறுத்திரும். (ஜன்னல் வெளிச்சத்தில முகம் எடுக்கிறதுக்குப் பேர்போன பாலு மகேந்திரா நம்மட அமிர்தகழியில பிறந்தவர்தானே.) ஃபேனை நிப்பாட்டி, காலமை வெள்ளன எடுங்க, கடற்கரையோர வீடெண்டா மத்தியானத்துக்குப் பிறகு காத்து விடாது. எதிர் வசனத்தைக் கமராவுக்குப் பக்கத்தில நிண்டு ஒராள் வாசிக்கவேணும். கல்லடி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில நாடகமும் அரங்கியலும் படிக்கிற பிள்ளைகள் ஆரையும் தெரிஞ்சா கேட்டுப் பாருங்க. பெயர், வயசு, உயரம், ஊர், தெரிஞ்ச மொழிகள், அதுக்குப் பிறகு இரண்டு வேறுபட்ட பாத்திரமா நடிச்சுக் காட்டுறது, எல்லாம் இரண்டு நிமிசத்துக்குள்ள. வட்ஸப்பில வீடியோவா அனுப்பினா மங்கிரும். டொக்கியுமென்டா அனுப்புங்க.

காசு: வேலை ஒப்புக்கொள்ள முதலே எழுத்தில. நாளுக்கு எவ்வளவு, எத்தினை மணிக்கு முடியும், போக்குவரத்தும் தங்கலும் ஆர் செலவு, டப்பிங்குக்குத் திருப்பிக் கூப்பிட்டா அந்த நாளுக்குத் தனிக் காசா எண்டு. மெசேஜில கேட்டு அவங்க "ஓம்" எண்டு போட்டாலும் ஒரு பிடி இருக்கும். வேடம் தாறதுக்குப் பதிவுக் காசு கேக்கிறவனுக்கு ஒரு சதமும் குடுக்க ஒண்ணா. சென்னைக்கு வா எண்டாலும் சுற்றுலா விசாவில போய்ச் சம்பளத்துக்கு நடிக்க ஏலாது. கம்பெனிதான் அதுக்குரிய விசாவுக்குக் கடிதம் தரவேணும். மீசையையும் மறந்திராதீங்க. தொடர் ஒண்டில மீசையோட வந்தா அது முடியுமட்டும் வேற வேடத்துக்கு வழிக்க ஏலாது. எத்தினை மாசம் எண்டு கேட்டுத்தான் தலையாட்டவேணும்.

தொடர்ந்து போறதுக்கு வயசு தடையில்ல. டெல்லி கணேஷ் 1964இல இருந்து பத்து வருசம் இந்திய விமானப்படையில இருந்துபோட்டு, டெல்லியில நாடகம் போட்டுத்தான் சினிமாவுக்கு வந்தார். நானூறுக்கு மேல படம், கனக்க அப்பா, மாமா, அயல்வீட்டுக்காரர். எம். எஸ். பாஸ்கர் டப்பிங்கிலயும் ரீவித் தொடரிலயும் நிண்டு பிடிச்சவர், 71ஆவது தேசிய விருதில சிறந்த துணை நடிகர் விருது பகிர்ந்து எடுத்தார். இரண்டு பேருக்கும் கதாநாயகன்ர முகமில்ல, குரல் இருந்தது. அதால டப்பிங் வேலை வந்தா சின்னதெண்டு விடவேண்டாம்.

வந்தாறுமூலை மத்தளம்:

இன்னொண்டு. சாப்பாட்டு சீனில மீன் குழம்பு எண்டு போட்டிருக்கு.

கல்லடிப் பாலம்:

முள்ளில்லாத துண்டு கேளுங்க, இல்லாட்டிக் குழம்பை மட்டும் விட்டுச் சாப்பிடலாம். விளக்குச் சூட்டில நாலு மணித்தியாலம் நிண்ட மீன் நாறத் தொடங்கும், அந்த நேரம் பார்த்துத்தான் இவரின்ட கிட்ட முகத்தை எடுப்பாங்க. பிட்டு வைச்சா அதையும் மாத்தச் சொல்லுங்க, தூள் தொண்டையில நிண்டு வசனத்துக்க இருமல் வரும். குழைஞ்ச சோறுதான் நல்லது.