மறு: 'மிக்ஸ்டு லேங்குவேஜ்' – கலப்பு மொழியா, ஊடுபாவு மொழியா?

அன்புள்ள நண்பர்களுக்கு,

'மிக்ஸ்டு லேங்குவேஜ்' என்ற மொழியியல் சொல்லுக்குத் தமிழில் என்ன வைப்பது என்ற இந்த இழை நீண்டுகொண்டே போகிறது. தென்சீனத்தில் சீனமும் அதன் அண்டை மொழிகளான மோங் கிளை மொழிகளும் கலந்த பேச்சுகள் பற்றிய கட்டுரைக்குத்தான் இந்தச் சொல் தேவைப்பட்டது என்பதே நடுவில் மறந்துவிட்டது போலிருக்கிறது. அதனால் அந்தக் கட்டுரையை வைத்தே பேசுகிறேன்.

இதுவரை வந்த பரிந்துரைகள் மூன்று: கலப்பு மொழி, ஊடுபாவு மொழி, இருதாய் மொழி. கடைசியை விட்டுவிடலாம். இரண்டு தாய்மொழி உள்ளவர் பேசுவது என்றுதான் யாரும் படிப்பார்கள்.

> கலப்பு மொழி ஏற்கெனவே புழங்குகிறதே, புதிதாக எதற்கு?

அக்கா, புழங்குவதுதான் சிக்கல். தொலைக்காட்சியில் பாதி ஆங்கிலம் பேசுகிறவரைத் திட்டவும் அந்தச் சொல்தான், மணிப்பிரவாளத்துக்கும் அதுதான், கடன்சொல் நிறைந்த எந்த மொழிக்கும் அதுதான். மொழியியலில் சொல்லவருவது வேறு. ஒரு மொழியை எந்தக் குடும்பத்தில் சேர்ப்பது என்று கேட்டால், ஒரே ஒரு முன்னோரைக் காட்ட முடியாத நிலை இருக்க வேண்டும். ஆங்கிலத்தில் பிரெஞ்சுச் சொல் எவ்வளவு இருந்தாலும் அது ஜெர்மானியக் குடும்பம்தான், அதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. கலப்பு மொழி என்று தலைப்பு வைத்தால், கீழே இரண்டு பத்தி மறுப்பு எழுத வேண்டிவரும்.

> மிச்சிஃபைப் பாருங்கள். பெயர்ச்சொல் பிரெஞ்சு, வினை கிரீ. பாவு ஒன்று, ஊடு இன்னொன்று. ஊடுபாவு மொழி!

ஐயா, சொல் அருமை. கனடாவில் பிரெஞ்சும் கிரீ என்ற பழங்குடி மொழியும் கலந்த மிச்சிஃபுக்கும், எக்வடோரில் கெச்சுவா என்ற பழங்குடி மொழியின் இலக்கணத்துக்குள் ஸ்பானியச் சொற்களைப் பொருத்திய மீடியா லெங்குவாவுக்கும் அளவெடுத்துத் தைத்த மாதிரி இருக்கிறது. பீட்டர் பாக்கர் போன்ற மொழியியலாளர்கள் சொல்கிற 'பின்னிப் பிணைதல்' என்ற கருத்தும் இதுவேதான். இலங்கை மலாயையும் இதன் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறவர்கள் உண்டு: சொல் மலாய், ஆனால் வேற்றுமை உருபு ஏற்று, வினையைக் கடைசியில் வைக்கும் வாக்கியக் கட்டு நம் பக்கத்து மொழிகளுடையது. இங்கெல்லாம் எந்த இழை எங்கிருந்து வந்தது என்று கண்ணுக்குத் தெரிகிறது.

தென்சீனத்தில் அது தெரிவதில்லை. எனக்கு இருக்கிற தடை இது ஒன்றுதான்.

'மூன்று நாய்' என்பதை எடுத்துக்கொள்வோம். பொதுச்சீனத்தில் (மாண்டரினில்) 'சான் ட்சி கோவ்'. வெள்ளை மோங் எனப்படும் வகையில் 'பே து தே'. இரண்டிலும் முதலில் எண், அடுத்து நாயை எண்ணுவதற்கு உரிய அலகுச்சொல், அப்புறம் நாய். பன்மை விகுதி இரண்டிலும் இல்லை, வேற்றுமை உருபும் இல்லை. இரண்டும் தொனி மாறினால் சொல்லின் பொருளே மாறும் தொனி மொழிகள், இரண்டிலும் ஓரசைச் சொல்லே அடிப்படை. ஒரு மொழியின் சொல்லை எடுத்துவிட்டு மற்றதன் சொல்லை அதே இடத்தில் வைத்தால் தையல் தெரியாது. 'கறுப்பு நாய்' என்றால் மட்டும் வேறுபாடு வெளியே வரும்: சீனம் நம்மைப் போல அடையை முன்னால் வைக்கும், மோங் 'நாய் கறுப்பு' என்று பின்னால் வைக்கும். இப்படிச் சில இடங்களை வைத்துத்தான் ஆய்வாளர்கள் துப்புத் துலக்க வேண்டியிருக்கிறது.

சொல்லை வைத்தாவது பிரிக்கலாமா என்றால் அதுவும் எளிதில்லை. மோங் மொழியில் நூறு 'புவா', ஆயிரம் 'ட்சியா'. இரண்டும் சீனத்திலிருந்து வந்தவை. வெள்ளை மோங்கைக் கலப்பு என்று இதற்காக யாரும் சொல்வதில்லை. இரண்டாயிரம் ஆண்டுக்கும் மேலான அக்கம்பக்கத்துப் புழக்கம். எது பழைய கடன், எது நேற்றைய கடன், எது கலந்து பிறந்தது என்று பிரிக்கவே ஒரு தனித் துறை வேண்டும்.

கட்டுரையில் வரும் பேச்சுகளையே பாருங்கள். ஹுனான் மாநிலத்தின் செங்பூவில் 1956இல் மியாவ் (மோங் மக்களும் அடங்கும் அரசு இனப்பெயர்) தன்னாட்சி மாவட்டம் அமைந்தது. அங்குள்ள 'நீலாடை மியாவ்' மக்களின் பேச்சைப் பற்றி மொழியியலாளர் லி லான் 2004இல் ஒரு முழு நூலே வெளியிட்டார். மக்கள் மியாவ் என்று பதிவானவர்கள். பேச்சோ பெரும்பாலும் சீனமாக ஒலிக்கிறது. தெற்கே குவாங்சியின் லொங்ஷெங்கில் லிங் பேச்சு. அதை 1979இல் விவரித்தவர் மொழியியலாளர் வாங் ஃபூஷி. இவற்றைச் சீன–மோங் கலப்பு என்று பட்டியலிடுகிறவர்களும் உண்டு, மியாவ் மக்கள் பேசும் சீன வட்டார வழக்கு என்கிறவர்களும் உண்டு.

வாஷியாங் பேச்சின் கதை இதைவிடச் சுவையானது. மேற்கு ஹுனானின் லூஷி, குஜாங், யுவான்லிங் பக்கம் பேசுகிறார்கள். சுற்றியுள்ள சீனர்களுக்கே புரியாது என்பதால் 'இது மியாவ் மொழியாகத்தான் இருக்கும்' என்ற பேச்சு எழுந்தது. அதே வாங் ஃபூஷி அது சீன வட்டார வழக்குத்தான் என்று எழுதினார். வாதம் அதோடு முடியாமல் 1985இல் 'மீண்டும்' என்று தலைப்பிட்டு இன்னொரு கட்டுரையும் எழுத வேண்டியிருந்தது. மற்ற சீன வழக்குகள் எப்போதோ இழந்துவிட்ட பழைய ஒலிக்கூறுகள் அதில் தங்கியிருப்பதுதான் புரியாமைக்கு ஒரு பெரிய காரணம். புரியாத எல்லாவற்றையும் கலப்பு என்று ஒதுக்கும் பழக்கம் எல்லா ஊரிலும் உண்டு போலும்.

ஷெ மக்களோ இதற்கு நேர் எதிர். மொத்தம் ஏழு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள், ஃபூஜியான், செஜியாங் பக்கம்தான் அதிகம். அவர்களுக்கே உரிய, மோங் கிளையைச் சேர்ந்த 'ஹோ நே' மொழி இன்று குவாங்தோங்கில் ஹுய்தோங், போலுவோ பகுதிகளில் மிகச் சிலரிடம் மட்டுமே மிஞ்சியிருக்கிறது. மற்றவர்கள் பேசும் ஷெ பேச்சு, ஹக்கா வகையை ஒட்டிய சீனம். இது மொழி மாறிய கதை. பழைய மொழியின் எச்சம் அடியில் கொஞ்சம் கிடக்கலாம், ஆனால் அதை ஊடும் பாவும் என்று சொல்ல முடியாது. நம் கட்டுரையின் வரைவு இதையும் அதே பட்டியலில் சேர்த்திருக்கிறது. எடுத்துவிட வேண்டும் என்பது என் கருத்து.

சரி, சொல்லுக்கு வருகிறேன். ஊடுபாவு என்பது நெய்த முறையைச் சொல்கிறது. வரையறை கேட்பதோ பிறந்த வழியை. ஆகவே பொதுச்சொல் வம்சம், கால்வழி, குடி இந்தப் பக்கத்திலிருந்து வரவேண்டும். 'இருகால்வழி மொழி' பொருளில் சரியாக இருக்கிறது, வாயில் நுழையவில்லை. சுருக்கி 'இருவழி மொழி' என்றால் போக்குவரத்துப் பலகை. என் பரிந்துரை: இருகுடி மொழி. மொழிக்குடும்பம் என்று சொல்லிப் பழகியவர்களுக்குக் குடி உடனே விளங்கும். 'இருகுடி மொழிகள்', 'இருகுடித் தன்மை', 'இருகுடி ஆக்கம்' என்று நீட்டவும் வளைகிறது.

(குடி என்றதும் கிண்டல் வரும், தெரியும். குடிமக்கள், குடியரசு எல்லாம் அதைத் தாண்டி நிலைத்த சொற்கள்தானே.)

> மூன்று மொழி கலந்தால் என்ன செய்வீர்கள்?

தம்பி, முக்குடி என்று சொல்லிக்கொள்ளலாம். அப்படி ஒன்று வந்து நிற்கும்போது பார்ப்போம்.

ஊடுபாவு மொழியை விட்டுவிடச் சொல்லவில்லை ஐயா. இருகுடி மொழிகளில் ஒரு வகையாக, இலக்கணம் ஒரு பக்கமும் சொல் மறு பக்கமும் தெளிவாகப் பிரிந்து நிற்கும் மிச்சிஃப் போன்றவற்றுக்கு அதையே வைத்துக்கொள்வோம். பிட்ஜின் (பொது மொழி இல்லாதவர்கள் பேசிக்கொள்ள உருவாகும் எளிய மொழி), கிரியோல் (அப்படி ஒன்று தாய்மொழியாக வளர்ந்தது) இரண்டையும் இந்தக் குடைக்குள் இழுக்க வேண்டாம், அவை உருவாகும் விதமே வேறு.

செங்பூ, லொங்ஷெங் பேச்சுகளுக்கு எந்தச் சொல்? அங்கே நான் இருகுடி மொழி என்றுகூடப் போடமாட்டேன். அப்படிப் போட்டால் ஆய்வாளர்களின் சண்டைக்கு நாமே தீர்ப்பு எழுதியதாகும். அதோடு, மியாவ் என்று பதிவான ஒருவருடைய பேச்சு அசல் சீனமா, அரை மோங்கா என்பது அவருடைய அடையாளத்தையும் தொடும் விஷயம். 'சீன–மோங் கலப்புப் பேச்சு' என்று விவரணையாக மட்டும் எழுதலாம். அக்கா சொன்ன கலப்புக்கு அங்கே இடம் இருக்கிறது: கலைச்சொல்லாக இல்லாமல், சாதாரணப் பெயரடையாக.

ஆகவே கட்டுரையின் முதல் வரியை இப்படி மாற்றலாம்: "தென்சீனத்தில் சீனக் கூறுகளும் மோங் கூறுகளும் கலந்து வழங்கும் சில பேச்சுகள் உள்ளன, இவற்றை இருகுடி மொழிகள் என்பாரும், சீன வட்டார வழக்குகள் என்பாரும் உளர்."

வாஷியாங்கைத் தனிப் பத்தியாக, 'கலப்பு என்று கருதப்பட்டது' என்ற தலைப்பில் வைக்கலாம். ஷெ பகுதியை 'மொழிமாற்றம்' கட்டுரைக்கு அனுப்பிவிடுவோம். மறுப்பு இருந்தால் இந்த வாரத்துக்குள் சொல்லுங்கள், இல்லையென்றால் திங்கட்கிழமை கலைச்சொல் பட்டியலில் ஏற்றிவிடுகிறேன். மியாவ், மோங் இரண்டையும் ஒரே பொருளில் மாற்றி மாற்றி எழுதியிருப்பதை மட்டும் யாராவது ஒருவர் பார்த்துத் திருத்துங்கள். மியாவ் என்பது சீன அரசு வகுத்த இனப்பெயர், மோங் கிளை என்பது மொழியியலார் வகுத்தது. இரண்டின் எல்லையும் ஒன்றல்ல.

அன்புடன்