மறு: ஜெரிமாண்டரிங் - ஒரு சொல்லா, இரண்டா?

குழுவினருக்கு வணக்கம். சுங்கை சிப்புட்டிலிருந்து எழுதுகிறேன்.

ஒரு கட்சிக்குச் சாதகமாக வேண்டுமென்றே தொகுதி எல்லையை வளைத்துப் போடும் ‘ஜெரிமாண்டரிங்’குக்கு நம் சொற்பட்டியலில் என்ன தமிழ்ச் சொல் வைப்பது என்று மூன்று நாளாக இந்த இழை ஓடுகிறது. இதுவரை வந்தவை: ஈப்போ டீச்சரின் ‘தொகுதி மோசடி’, கிள்ளான் அண்ணனின் ‘எல்லைத் திரிப்பு’, கோவை ஐயாவின் ‘தொகுதி மறுவரையறை முறைகேடு’. ‘கெரிப்பல்லி’ என்று ஒருவர் போட்டதை விளையாட்டாகவே எடுத்துக்கொள்கிறேன். ஆனால் அவர் சொன்ன கதை சரிதான். 1812இல் மாசசூசெட்ஸ் ஆளுநர் எல்பிரிட்ஜ் கெரி கையெழுத்திட்ட பிரிப்பில், எசெக்ஸ் வட்டாரத்து செனட் தொகுதி ஒன்று நெளிந்து வளைந்து கிடந்தது. பாஸ்டன் பத்திரிகை ஒன்று அதற்குச் சிறகும் நகமும் வரைந்து சாலமாண்டர் (பல்லி போலத் தோன்றும் ஒரு பிராணி) ஆக்கி, முன்னால் கெரியின் பெயரை ஒட்டிவிட்டது. அவர் தம் பெயரைக் ‘கெரி’ என்றுதான் சொன்னார். ஊர்தான் ‘ஜெரி’ ஆக்கிவிட்டது. அதே ஆண்டுத் தேர்தலில் அவர் ஆளுநர் பதவியை இழந்தார், மாநில செனட்டோ அவர் கட்சியிடமே இருந்தது. கோடு வேலை செய்திருக்கிறது.

ஆள் பெயரும் சாலமாண்டரும் கலந்த அந்தச் சிலேடை தமிழுக்கு வராது. பொருளைத்தான் பிடிக்க வேண்டும். அங்கேதான் நாம் குழப்பிக்கொள்கிறோம் என்று படுகிறது.

வந்த மடல்களில் பாதி, பாங்கியையும் ஈகானையும் உதாரணம் காட்டுகின்றன. 2022 மலேசியப் பொதுத்தேர்தலில் சிலாங்கூரின் பாங்கியில் 3 லட்சத்துக்கும் மேல் வாக்காளர்கள்; சரவாக்கின் ஈகானில் 30 ஆயிரம்கூட இல்லை. இரண்டுக்கும் ஆளுக்கொரு நாடாளுமன்ற உறுப்பினர். அநியாயம்தான். ஆனால் அது ஜெரிமாண்டரிங் அல்ல. அது எண்ணிக்கையில் உள்ள கோளாறு. கெரி பெயரால் நடப்பது கோட்டில் உள்ள கோளாறு.

என் அம்மா ரப்பர் தோட்டத்தில் இருபது வருடத்துக்கு மேல் பால்மரம் சீவியவர். நேற்று இரவு இந்த விவகாரத்தைச் சொன்னதும், “இது நிரை பிரிக்கிற கதையில்ல?” என்றார். பெரட்டு (காலை ஆள் கணக்கெடுப்பு) முடிந்ததும் மண்டோர் (மேற்பார்வையாளர்) ஆளாளுக்கு நிரை, அதாவது சீவ வேண்டிய மரவரிசை, கொடுப்பார். மரக்கணக்கு எல்லாருக்கும் ஏறக்குறைய ஒன்றுதான். ஆனால் வேண்டியவர்களுக்கு ரோட்டோரத்து இளமரம்; வாய் பேசுகிறவர்களுக்குப் பள்ளத்து நிரை. அங்கே கிழமரம், காய்ந்த பட்டை, பால் பிடிக்கும் மங்கில் பாதிகூட நிறையாது, வாளியோடு ஓடையைத் தாண்ட வேண்டும். மரத்தை எண்ணிக் காட்டிப் புகார் சொல்ல முடியாது. எண்ணினால் சரியாக இருக்கும். “மரத்த எண்ணி என்னா செய்ய, எடத்தப் பாக்கணும்” என்றார்.

அப்போ பால் நிறுக்கும்போது கிராணி (தோட்டக் கணக்கர்) தராசில் கைவைப்பாரே, அது? “அது வேற களவு” என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். மூன்று நாளாக நாம் பிரிக்காமல் வைத்திருந்தது அங்கே பிரிந்துவிட்டது.

கோட்டுக் களவுக்கு ஒரு சின்னக் கணக்கு. மூன்று தொகுதிகள், தொகுதிக்குச் சரியாக 100 வாக்காளர்கள். மொத்தம் 300இல் ‘அ’ கட்சிக்கு 160 பேர், ‘ஆ’ கட்சிக்கு 140 பேர். ‘அ’ ஆதரவாளர்களில் 90 பேரை ஒரே தொகுதியில் அடைத்துவிட்டு, மிச்சம் 70 பேரை மற்ற இரண்டுக்கும் 35, 35 என்று பிரித்துவிடுங்கள். அந்த இரண்டிலும் ‘ஆ’ 65க்கு 35 என்று ஜெயிக்கும். சிறுபான்மைக் கட்சிக்கு இரண்டு இடம், பெரும்பான்மைக் கட்சிக்கு ஒன்று. தராசில் துளி குற்றமில்லை. அடைக்கிற வேலையைக் ‘குவிப்பு’ என்றும் பிரித்துவிடுகிற வேலையைச் ‘சிதறடிப்பு’ என்றும் சொல்லலாம். இவை இரண்டிலும் யாருக்கும் மறுப்பு இருக்காது என்று நினைக்கிறேன்.

ஒன்று மட்டும் கவனிக்க வேண்டும். நாட்டில் எந்த நாடாளுமன்றத் தொகுதியிலும் இந்தியர்கள் பெரும்பான்மை இல்லை. அதை உடனே ‘சிதறடிப்பு’ என்று எழுதிவிடக் கூடாது. தோட்டங்கள் துண்டாடப்பட்டு, விற்கப்பட்டு, ஜனம் பட்டணம் பட்டணமாகப் போய்ச் சேர்ந்த கதை அதில் பெரும்பங்கு. எல்லாப் பழியையும் கோடு போட்டவர் தலையில் கட்ட முடியாது. நாம் தேடும் சொல்லுக்குள் ‘வேண்டுமென்றே’ என்பது இருந்தாக வேண்டும்.

எண்ணிக்கைக் கோளாறு அப்படி அல்ல. அதில் ஒரு பங்கு சட்டமே அனுமதித்தது. 1957 அரசியலமைப்பில் ஒரு தொகுதியின் வாக்காளர் எண்ணிக்கை சராசரியிலிருந்து 15 விழுக்காடு வரை கூடவோ குறையவோதான் இடமிருந்தது. 1962இல் ஊர்ப்புறத் தொகுதியில் நகரத் தொகுதியின் பாதி வாக்காளர் இருந்தாலும் போதும் என்றார்கள். 1973இல் அந்த வரம்பும் போயிற்று. உட்பகுதி மக்களை எட்டுவது சிரமம், அதனால் கொஞ்சம் கூடுதல் எடை என்பது காரணம். காரணத்தில் நியாயம் உண்டு. பத்து மடங்கு வித்தியாசத்தில் இல்லை. சூது என்றும் சொல்ல முடியாமல், சரி என்றும் சொல்ல முடியாமல் நிற்கிற விஷயம் இது.

ஆகவே என் முன்மொழிவு: கோட்டுக் களவுக்கு ‘வரைசூது’. எண்ணிக்கைக் கோளாறுக்கு ‘எடைப்பிசகு’.

வரைசூது வினைத்தொகை, வரைபடம் போல. அதனால் நடுவில் ஒற்று மிகாது, இங்கே இருக்கும் இலக்கணக்காரர்கள் ‘ச்’ சேர்க்க வர வேண்டாம். வினையாக்குவதும் சுலபம். சூதாடு என்று ஏற்கெனவே இருப்பதால் ‘வரைசூதாடினார்கள்’ என்று எழுதலாம். ‘எல்லைத் திரிப்பு’ எனக்கும் பிடித்ததுதான் அண்ணே, ஆனால் அதைப் படிக்கிறவருக்கு எல்லைக்கல்லைப் பிடுங்கி நட்ட நிலத்தகராறு ஞாபகம் வரும். ‘தொகுதி மோசடி’ என்றால் வாக்குப்பெட்டி மாற்றியதும் அதில் அடங்கிவிடும். கோவை ஐயா தந்தது விளக்கம், சொல் அல்ல.

ஒரே சொல்லை வைத்துச் சமாளிக்கலாமே என்பவர்களுக்கு 2013 பொதுத்தேர்தல் இருக்கிறது. எதிர்க்கட்சிகளின் மக்கள் கூட்டணிக்கு ஏறத்தாழ 51 விழுக்காடு வாக்கு, 89 இடம். ஆளும் தேசிய முன்னணிக்கு ஏறத்தாழ 47 விழுக்காடு, 133 இடம். இதில் எடைப்பிசகு எவ்வளவு, வரைசூது எவ்வளவு? இரண்டு சொல் இருந்தால்தான் இந்தக் கேள்வியையே கேட்க முடியும்.

அன்புடன்,
சுங்கை சிப்புட்

* * *

மறு: மறு: ஜெரிமாண்டரிங் - ஒரு சொல்லா, இரண்டா?

டீச்சர், உங்கள் ஆட்சேபம் நியாயமானது. ‘சூது’ என்று போட்டால் பத்திரிகையே தீர்ப்பு எழுதியதாகிவிடும் என்கிறீர்கள். அதனால்தான் பொதுச்செய்திக்கு நாம் ஏற்கெனவே எழுதும் ‘தொகுதி எல்லை மறுசீரமைப்பு’ அப்படியே இருக்கட்டும். தமிழகத்தில் மறுவரையறை, இலங்கையில் எல்லை நிர்ணயம். அவையும் நிறமில்லாத சொற்கள்தாம். ‘இது வரைசூது என எதிர்க்கட்சி சாடியது’ என்று எழுதும்போது பழி சொன்னவரைச் சேரும், பத்திரிகையைச் சேராது.

கிள்ளான் அண்ணே, சொல்லுக்குள் ‘வெற்றி’ வர வேண்டும் என்று நீங்கள் சொல்வதை ஏற்க முடியவில்லை. 2018 மார்ச் 28இல் புதிய எல்லைகளை மக்களவை நிறைவேற்றியது, மே 9 பொதுத்தேர்தலில் அவற்றை நிறைவேற்றிய ஆட்சியே கவிழ்ந்தது. கோடு போட்டவர் தோற்றாலும் போட்டது போட்டதுதானே.

அம்மா காலையில் காப்பி ஆற்றிக்கொண்டே, “இதுல மண்டோர் யாரு?” என்று கேட்டார். தேர்தல் ஆணையம் அறிக்கை தயாரிக்கும், பிரதமர் அதை மக்களவையில் வைப்பார், மாற்றங்களோடும் வைக்கலாம், மொத்த உறுப்பினர்களில் பாதிப் பேர் கைதூக்கினால் போதும் என்று சொன்னேன். “அப்ப நிரை வாங்குனவனே நிரை பிரிக்கிறான்” என்றார். பதில் சொல்லத் தெரியவில்லை, காப்பியை வாங்கிக்கொண்டேன்.

சொற்பட்டியலில் இரண்டு வரியும் இன்னும் காலியாக இருக்கின்றன. ‘எடைப்பிசகு’ பால்கடைச் சொல் மாதிரி இருக்கிறது என்று ஒருவர் எழுதியிருந்தார். மாற்று இருந்தால் ஞாயிறுக்குள் போடுங்கள். இல்லையென்றால் பால்கடைச் சொல்லையே ஏற்றிவிடுகிறேன்.