டாக்சோடியம் மரங்களுக்கு 'நீர்க்கிழவன்': ஒரு கலைச்சொல் முன்மொழிவு

நண்பர்களுக்கு வணக்கம்.

சதுப்பிலும் நீர்நிலை ஓரங்களிலும் வளரும் ஊசியிலை மரங்களான டாக்சோடியம் பேரினத்து மரங்களுக்குத் தமிழ்ப்பெயராக 'நீர்ச்சவுக்கு', 'சதுப்புத் தேவதாரு', 'மொட்டைச் சைப்ரசு' ஆகிய மூன்று பெயர்கள் இந்த உரையாடல் இழையில் இதுவரை முன்வைக்கப்பட்டுள்ளன. மூன்றிலும் எனக்கு மனம் ஒப்பவில்லை. காரணங்களைச் சொல்லிவிட்டு, என் பரிந்துரையை வைக்கிறேன்.

முதல் இரண்டையும் விரைவில் விலக்கிவிடலாம். சவுக்கு பூக்கும் தாவரம். அதில் ஊசியிலை போலத் தோன்றுபவை உண்மையில் பச்சை நிறச் சிறு கிளைகளே. தேவதாருவோ பைன் குடும்பத்தைச் சேர்ந்த இமயமலை மரம். நாம் பெயர் தேடும் மரம் சைப்ரசுக் குடும்பத்தைச் சேர்ந்தது. தவறான உறவைக் காட்டும் பெயரை ஒரு முறை அகராதியில் ஏற்றிவிட்டால், பின்னர் அதைத் திருத்துவது எவ்வளவு கடினம் என்பது நாம் அனைவரும் அறிந்ததே.

'மொட்டைச் சைப்ரசு' என்பது ஆங்கிலப் பெயரின் நேர் பெயர்ப்பு. அமெரிக்காவின் தென்கிழக்குச் சதுப்புகளில் வளரும் டாக்சோடியம் டிசுடிகம், ஊசியிலை மரமாக இருந்தும், இலையுதிர் காலத்தில் செம்பழுப்பாக மாறித் தன் இலைகளைச் சிறு கிளைகளோடு உதிர்த்துவிடுவதால் அங்கே அப்பெயர் பெற்றது. ஆனால் தமிழில் 'மொட்டை மரம்' என்றால் பட்டுப்போன மரமோ, கிளை கழிக்கப்பட்ட மரமோதான் நினைவுக்கு வரும். ஈராயிரம் ஆண்டு கடந்தும் தளிர்க்கும் ஒரு மரத்துக்கு அந்தப் பெயர் பொருந்தாது. மேலும், மெக்சிக்கோவில் வளரும் டாக்சோடியம் முக்ரோனேட்டம், வெப்பமான தன் தாயகத்தில் ஆண்டின் பெரும்பகுதியும் பசுமையாகவே நிற்கிறது. அதை மொட்டை என்பது பிழையாகிவிடும். 'சைப்ரசு' என்ற பகுதியும் இடர் தருவது. தமிழ் வாசகருக்கு அது முதலில் ஒரு தீவு நாட்டின் பெயர், ஊட்டி, கொடைக்கானல் மக்களுக்கோ அது வேறொரு மரம்.

எனக்கு வழி காட்டியது அந்த மெக்சிக்கோ மரத்தின் சொந்தப் பெயர். அசுடெக் மக்கள் பேசிய நாவாட்டில் மொழியில் அது 'ஆவேவேத்தில்'. இசுப்பானியத்தில் 'அவேவேத்தே' ஆயிற்று. 'ஆத்தில்' என்றால் நீர், 'வேவே' என்றால் முதியவர். இரண்டும் சேர்ந்து 'நீரின் முதியவர்' என்று பொருள்படும் என்பதே பெரும்பாலோர் தரும் விளக்கம். மெக்சிக்கோவின் தேசிய மரமும் இதுவே. ஒவாக்கா நகருக்கு அருகில் சான்டா மரியா தெல் தூலே என்ற ஊரில், தேவாலயத்தை ஒட்டி நிற்கும் மரத்தின் அடிமரச் சுற்றளவு 2005ஆம் ஆண்டு அளவீட்டின்படி ஏறத்தாழ 36 மீட்டர். பல மரங்கள் ஒட்டி வளர்ந்தவையோ என்ற நெடுநாள் ஐயத்தை மரபணு ஆய்வு நீக்கியது. அது ஒரே மரம். 'தூலே' என்ற ஊர்ப்பெயரும் கோரை போன்ற ஒரு நீர்த்தாவரத்தைக் குறிக்கும் நாவாட்டில் சொல்லிலிருந்து வந்ததுதான்.

இந்தப் பொருளைத் தமிழில் எப்படிச் சொல்வது? 'முதுநீர்மரம்' என்று முதலில் எழுதிப் பார்த்தேன். ஆனால் அது 'முதுநீர்' என்று பிரிந்து, பழைய நீரில் நிற்கும் மரம் என்ற பொருளைத் தந்துவிடுகிறது. 'நீர்முதுவன்' ஓசையில் நன்றாக இருந்தாலும், முதுவன் என்பது ஆனைமலை, மூணாறு மலைப்பகுதிகளில் வாழும் பழங்குடியினரின் பெயர் என்பதால் தவிர்க்க வேண்டும். இறுதியில் 'நீர்க்கிழவன்' என்ற சொல்லில் வந்து நின்றேன். கிழவன் என்பதற்கு இன்று முதியவன் என்பது மட்டுமே பொருளாக நிற்கிறது. பழந்தமிழில் அதன் முதன்மைப் பொருள் உரியவன், தலைவன் என்பது. முருகனைக் குறிஞ்சிக் கிழவன் என்றது அந்தப் பொருளில்தான். ஆகவே நீர்க்கிழவன் என்ற ஒரே சொல், நீரின் முதியவன் என்றும் நீருக்கு உரியவன் என்றும் இரு பொருளையும் ஏந்தி நிற்கிறது. நாவாட்டில் சொல்லை இதைவிட நெருக்கமாகத் தமிழில் தர இயலும் என்று எனக்குத் தோன்றவில்லை.

'உரியவன்' என்ற பொருளை நான் வலியுறுத்தக் காரணம் உண்டு. இம்மரம் நீருக்குள் மட்டுமே வாழ்வதன்று; நட்டு வளர்த்தால் மேட்டு நிலத்திலும் வளரும். விதைகூட நீருக்குள் முளைப்பதில்லை, வெள்ளம் வடிந்த ஈர மண்ணில்தான் முளைக்கிறது. ஆகவே நீரில் வாழ்பவன் என்பதைவிட நீருக்கு உரியவன் என்பதே பொருந்தும். 'முதியவன்' என்பது அமெரிக்க இனத்துக்கும் பொருந்தும். வட கரோலினாவின் பிளாக் ஆற்றுச் சதுப்பில் நிற்கும் ஒரு மரத்தின் வயது குறைந்தது 2,624 ஆண்டுகள் என்று 2019இல் வெளியான ஆய்வு காட்டியது.

மரத்துக்கு ஆளைக் குறிக்கும் பெயரா என்று சிலர் கேட்கக்கூடும். அரசு, பூவரசு, சிறியாநங்கை ஆகியவை நம் நாவில் ஏற்கெனவே புழங்குகின்றன. 'நீர்' என்ற முன்னொட்டுக்கும் நீர்மருது, நீர்க்கடம்பு, நீர்நொச்சி என்று முன்மாதிரிகள் உள்ளன.

எனவே பேரினத்துக்கு 'நீர்க்கிழவன்' என்றும், அமெரிக்க இனத்துக்கு 'இலையுதிர் நீர்க்கிழவன்' என்றும், மற்றதற்கு 'மெக்சிக்கோ நீர்க்கிழவன்' என்றும் பரிந்துரைக்கிறேன். மெக்சிக்கோ மரத்தைத் தனி இனமாகக் கொள்ளாமல் அமெரிக்க இனத்தின் வகையாகவே கருதும் தாவரவியலாளர்களும் உண்டு. அந்தக் கருத்து நிலைத்தாலும் பேரினப் பெயர் மாற வேண்டியதில்லை. குளங்களை ஒட்டி வளரும் டாக்சோடியம் அசெண்டென்சுக்குக் 'குட்டை நீர்க்கிழவன்' என்றால் உயரம் குறைந்தது என்று பொருள் மாறிவிடும் என்பதால், 'குளத்து நீர்க்கிழவன்' என்று கொள்ளலாம்.

அமெரிக்க மரத்தின் வேர்களிலிருந்து மேலெழும் கூம்புகளுக்கு 'மூச்சுவேர்' என்று இந்த இழையில் வந்த பரிந்துரையையும் ஏற்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். அலையாத்தி மரங்களின் மூச்சுவேர்களைப் போல இவை காற்றை உள்வாங்குகின்றன என்பது உறுதிப்படவில்லை. வடிவத்தைச் சொல்லும் 'முழங்கால் வேர்' போதும்.

'நீர்க்கிழவர்' என்று மரியாதைப் பன்மையில் வழங்கலாமா என்பதில் மட்டும் எனக்குத் தயக்கம் இருக்கிறது. 'உரியவன்' என்ற பழம்பொருள் அதில் மங்கிவிடுமோ என்று அஞ்சுகிறேன். இலக்கணம் அறிந்தவர்கள் இதுபற்றி எழுத வேண்டுகிறேன்.